இருபது எழுத்துக்குள்

பகல் பன்னிரண்டு மணிக்கு இசக்கியப்பன் கப்பலைச் செலுத்தும் மேல்தள அறையான பிரிட்ஜுக்கு ஏறி வந்தபோது, கடலுக்கும் வானத்துக்கும் நடுவில் இருக்க வேண்டிய கோடு காணாமல் போயிருந்தது. கிழக்கே பாலைவனத்திலிருந்து எழுந்த தூசி இரண்டு நாளாக இறங்காமல் அந்தரத்தில் நின்றது. வெயில் அதற்குள் ஊறி, மேலும் கீழும் ஒரே வெள்ளையாக, தண்ணீர் அதிகம் விட்ட பாலைப் போல இருந்தது செங்கடல். கப்பல் நகர்கிறது என்பதற்கு, எஞ்சினின் அதிர்வு செருப்பு வழியாகப் பாதத்துக்கு வந்து சேர்வது ஒன்றுதான் சாட்சி. கேப்டன் குல்கர்னி நேற்றிரவு முழுவதும் தூங்கவில்லை. இன்றிரவும் தூங்க முடியாது. இருட்டியபின்தான் செங்கடல் முடிகிற அந்தக் குறுகலான வாசலைத் தாண்ட வேண்டும். தன் பெயரிலேயே கண்ணீரை வைத்திருக்கும் வாசல். அதனால் நடுவில் கிடைத்த இந்தப் பகலில் நாலு மணி வரை கண்ணை மூடிக்கொள்கிறேன் என்று கிளம்பினார். "எதுவானாலும் கூப்பிடு, செகண்ட். சந்தேகம் வந்தாலும் கூப்பிடு. நீ சந்தேகத்தை நீயே வச்சுக்கிற ஆளு," என்று படியில் நின்று திரும்பிச் சொல்லிவிட்டுப் போனார். அவர் செருப்புச் சத்தம் கீழே தேய்ந்து மறைந்தபின் பிரிட்ஜில் இரண்டு பேர்: கப்பலின் இரண்டாம் அதிகாரியான இசக்கியப்பனும், ஜன்னலோரம் பைனாகுலரோடு காவல் நிற்கும் மாலுமி லோபோவும். அப்புறம், மூலையில் பச்சையாக மினுங்கிக்கொண்டு, அந்தப் பெட்டி.

அந்தப் பெட்டியைப் பார்க்காமல் இருக்க இசக்கியப்பன் முயன்றான். பார்க்காமல் இருக்க முயல்வதே ஒருவிதமாகப் பார்ப்பதுதான் என்று தோன்றியதும் திரும்பிப் பார்த்துவிட்டான். கப்பலின் பெயர், இருக்கும் இடம், போகும் வேகம், சேரும் ஊர் எல்லாவற்றையும் சில நொடிக்கு ஒருமுறை காற்றில் சொல்லிக்கொண்டே இருக்கிற கருவி அது. கேட்கிறவர் யார் எவர் என்று அது பார்ப்பதில்லை. பக்கத்துக் கப்பலும் கேட்கும், துறைமுகமும் கேட்கும், கரையில் மலைக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கிறவனும் கேட்பான். சேரும் ஊர் என்ற கட்டத்தில் இருபது எழுத்துக்கு இடம் உண்டு. அக்கபா துறைமுகத்தில் பாஸ்பேட் கல் ஏற்றி முடித்த அன்று, அந்தக் கட்டத்தில் அவன் TUTICORIN என்று அடித்தான். ஐந்து வருஷமாக எத்தனையோ ஊர்ப்பெயர்களை அதில் அடித்திருக்கிறான். தன் ஊரை அடித்தது அதுதான் முதல் தடவை. ஒன்பது எழுத்தையும் மூன்று முறை சரிபார்த்தான். போட்டோ எடுத்துத் தங்கைக்கு அனுப்பினான். நேற்றுக் காலை கேப்டன் அதே கட்டத்தை விரலால் தட்டி, "இதை எடுத்துடு. எல்லாரும் என்ன போடறாங்களோ அதையே போடு," என்றார். எல்லாரும் போட்டிருந்ததைத் திரையில் பார்க்க முடிந்தது. முன்னால் போகும் கப்பல், பின்னால் வரும் கப்பல், பக்கவாட்டில் எதிர்த்திசையில் கடந்துபோகும் மூன்று, எல்லாவற்றிலும் ஒரே வாசகம். ALL CREW CHINESE. கப்பலில் எல்லோரும் சீனர்கள். கரையிலிருந்து கப்பல்களை ஏவுகணையால் அடிக்கிறவர்கள் சீனர்களை அடிக்கமாட்டார்கள் என்று ஒரு பேச்சு. யார் கிளப்பியது, உண்மைதானா, ஒருவருக்கும் தெரியாது. "சார், நம்மில் ஒருத்தர்கூடச் சீனர் இல்லையே," என்றான் இசக்கியப்பன். பதினாலு இந்தியர், ஏழு பிலிப்பைன்ஸ்காரர், உக்ரைனிலிருந்து வந்த ஒரு எலக்ட்ரீஷியன், ஆக இருபத்திரண்டு. கேப்டன் சிரிக்கலாமா என்று யோசிப்பவர் போல அவனைப் பார்த்தார். "அதனாலதான் போடச் சொல்றேன்," என்றார். அடித்தான். இடைவெளிகளோடு பதினாறு எழுத்து. நாலு இடம் மிச்சம் இருந்தது. அம்மா என்று ஆங்கிலத்தில் எழுதினால் நாலு எழுத்துதான். ஆனால் முன்னால் ஒரு இடைவெளி விட வேண்டும், அப்போது மூன்றுதான் மிஞ்சும், பத்தாது. இப்படி ஏன் கணக்குப் போட்டோம் என்று அவனுக்கே தெரியவில்லை.

"சார்வாள், ஒரு சந்தேகம்," என்றான் லோபோ, பைனாகுலரைக் கண்ணிலிருந்து எடுக்காமலே. மணப்பாட்டுக்காரன், இசக்கியப்பனைவிடப் பத்து வயசு கூட. தனியாக இருக்கும்போது ஊர்ப்பேச்சு வந்துவிடும். "நைட்டு சோத்துக்குக் கையா, குச்சியா?"

"வேலையைப் பாருங்கண்ணே."

"பாத்துக்கிட்டுதான இருக்கேன். என்னத்தத் தெரியுது, சுண்ணாம்பு அடிச்ச செவரு மாதிரி இருக்கு. ஊருக்குப் போனா எங்க பங்குச்சாமியார் கேப்பாவ. ஞானஸ்நானத்துல லோபோன்னுதானல பேரு வச்சேன், நீ எப்பம் சீனாக்காரன் ஆனன்னு. நான் சொல்லிருவேன், சாமி, ரெண்டாப் பிரிச்சுப் படிங்க, லோ, போ. அம்புட்டுதான். உங்க பேரத்தான் என்ன செய்யன்னு தெரியல. அவ்வளவு நீளத்துல சீனாவுல ஆளு கெடையாது."

இசக்கியப்பன் சிரித்தான். சிரிப்பு பாதியில் எங்கேயோ மாட்டிக்கொண்டது. சிரித்துக்கொண்டிருக்கும்போது வந்தால் என்ன ஆகும் என்று நினைத்துக்கொண்டதுதான் காரணம்.

வந்தால் தண்ணீரை ஒட்டித்தான் வரும். கம்பெனி அனுப்பிய பதினோரு பக்கச் சுற்றறிக்கையில் அதற்கு ஒரு பத்திதான் இருந்தது; மீதியை அவனே தேடித் தேடிப் படித்தான். குரூஸ் ஏவுகணை என்பது வானத்துக்கு எகிறி விழுகிற வாணவேடிக்கை அல்ல. சின்னச் சிறகு வைத்த, ஆளில்லாத விமானம். ஒரு லாரியின் முதுகில் குழாய்க்குள் படுத்திருக்கும். ஊரில் தண்ணீர் டேங்கர் லாரி போகுமே, அப்படி ஒரு லாரி மலை இடுக்கில் போனால் யார் திரும்பிப் பார்க்கப் போகிறார்கள். கிளம்பிய பிறகு அது கண்ணை மூடிக்கொண்டுதான் வருகிறதாம். இவ்வளவு தூரம் போ, இங்கே திரும்பு, இந்த உயரத்துக்கு இறங்கு என்று மனப்பாடம் பண்ணி அனுப்பிய பாதையில், நூறு கிலோமீட்டரோ முந்நூறோ, தூக்கத்தில் நடப்பவனைப் போல, அலைக்கு மேல் ஐந்து மீட்டரில். கடைசியில்தான் கண்ணைத் திறக்கும். திறந்ததும் எதிரில் எது பெரிதாக மின்னுகிறதோ அதை நோக்கிப் போகும். அதற்குப் படிக்கத் தெரியாது. பதினாறு எழுத்தோ இருபது எழுத்தோ, அதற்கு ஒன்றும் இல்லை; ஆல்டர் ஸ்டார் என்று இந்தக் கப்பலின் முகப்பில் ஆளுயரத்துக்கு எழுதியிருக்கும் பெயரும் இல்லை. இரும்பு மட்டும்தான். கல்லூரியில் கடற்போர் பற்றி ஒரு வகுப்பு நடந்தது. அந்தக் காலத்தில் பீரங்கி வைத்த கப்பல்கள் பக்கத்தில் வந்து உரசிக்கொண்டு சுட்டன, எதிரியின் மீசை தெரியும் என்றார் பேராசிரியர், வகுப்பு சிரித்தது. பிறகு பீரங்கி நீண்டது, மீசை மறைந்தது. பிறகு விமானம் வந்தது, கப்பலே மறைந்தது. இப்போது கப்பலே இல்லாதவன் கடலை மூடிவிடலாம். நேற்று அந்தியில் சாம்பல் நிறத்தில் ஒரு போர்க்கப்பல் கடந்து போயிற்று. அதன் தளத்தில் வரிசை வரிசையாக மூடிகள், ஒவ்வொன்றுக்கும் கீழே ஒரு ஏவுகணை உறங்குகிறது. அத்தனையும் வைத்திருந்தும் அது கரையிலிருந்து விலகி விலகித்தான் போயிற்று. ஒரு லாரிக்குப் பயந்து ஒரு கடற்படை ஒதுங்கிப் போகிறது. அதற்குள்ளும் தன்னைப் போல ஒருவன் திரையைப் பார்த்துக்கொண்டு விநாடிகளை எண்ணிக்கொண்டிருப்பான் என்று நினைத்தபோது இசக்கியப்பனுக்கு ஆறுதலாக இருந்தது; ஏன் ஆறுதல் என்று யோசித்தபோது அது போய்விட்டது. ஏவுகணை படிக்காது. ஆனால் அதை அனுப்புகிறவன் படிப்பான். எழுத்தெல்லாம் அவனுக்காகத்தான். எங்கோ ஒரு கொட்டகையில், ஒரு மின்விசிறிக்குக் கீழே, மத்தியானச் சாப்பாடு முடிந்து, அவன் முன்னால் திரை. திரையில் முக்கோணம் முக்கோணமாகக் கப்பல்கள். ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்க்கிறான். சீனர்கள். சீனர்கள். சீனர்கள். இதிலும் சீனர்கள். இசக்கியப்பனுக்கு அவன் முகம் தெரியவில்லை, கை மட்டும் தெரிந்தது. நகத்தை ஒட்ட வெட்டிய, சுத்தமான கை. அவனும் வீட்டில் முதலில் படித்தவனாக இருக்கலாம். அவனுக்கும் தப்பு செய்துவிடுவோமோ என்ற பயம் இருக்கலாம். எதையும் மூன்று முறை சரிபார்ப்பவனாக இருக்கலாம். அப்படியானால் நல்லதா? அசட்டையானவன் என்றால் பார்த்ததை நம்பிவிட்டு அடுத்ததற்குப் போய்விடுவான். கவனமானவன் நிற்பான். இத்தனை சீனர்களா என்று கேட்பான். இந்தக் கப்பல் அக்கபாவில் கிளம்பும்போது வேறு என்னவோ போட்டிருந்ததே என்று பழையதைத் தேடிப் பார்ப்பான். நானாக இருந்தால் தேடியிருப்பேன். அந்த இடத்தில் எண்ணம் நின்றது. முள்ளில் வேட்டி மாட்டியது போல இழுக்க இழுக்க அங்கேயே நின்றது. நானாக இருந்தால் கண்டுபிடித்திருப்பேன்.

ஒரு மணி அடித்தது. திசை சரி, வேகம் பன்னிரண்டு, ஆழம் போதும். வரைபடத்தில் இடத்தைக் குறித்தான், இன்னொரு முறை குறித்தான், இரண்டும் ஒன்றாக இருந்தன. தேநீர் ஆறிப்போய் மேலே ஏடு கட்டியிருந்தது. அந்த ஏட்டைப் பார்த்தபோது அம்மாவின் குரல் வந்தது. பதினொன்றரைக்கு, கேப்டன் இணையத்தை அணைக்கச் சொல்வதற்கு முன்னால், பத்து நிமிஷம் கிடைத்தது. தங்கை பொன்செல்வி அனுப்பிய குரல்பதிவை அவன் குளியலறையில் நின்று கேட்டான். செல்போனில் கப்பல் எங்கே போகிறது என்று பார்க்க அவளுக்கு அவன்தான் சொல்லிக் கொடுத்திருந்தான். தினமும் அம்மாவுக்குக் காட்டுவாள். அம்மாவுக்கு எழுத்துத் தெரியாது, அந்தச் சின்ன முக்கோணம் தெரியும். முந்தாநாள் வரை அதில் தூத்துக்குடி என்று இருந்தது. பதிவில் பொன்செல்வி சொல்கிறாள்: "யண்ணே, என்னண்ணே ஊரு பேரக் காணோம்? எல்லாரும் சீனாக்காரங்கன்னு போட்டிருக்கு, கப்பல் மாறிட்டியா? அம்மா ஒரே பொலம்பல், இந்தா அம்மாட்டயே சொல்லச் சொல்லுதேன்." பிறகு அம்மா, போனைத் தள்ளி வைத்துக்கொண்டு, பொன்செல்வியிடம்தான் பேசுகிறாள்: "கப்பல்ல எல்லாரும் சீனாக்காரன்னா, அப்பம் எம் பிள்ள எங்கட்டி?" அதோடு முடிந்துவிட்டது. பத்தொன்பது விநாடி. பதில் அனுப்ப வாயெடுத்தபோது இணையம் போய்விட்டது. எங்கட்டி. என்ன சொல்லியிருக்க முடியும்? பயப்படாதே, பொய் சொல்லியிருக்கிறேன் என்றா? பத்திரமாக இருக்கிறேன் என்றா? இரண்டும் ஒன்றுதானே. இந்தக் கட்டங்களை நிரப்புவதில் அவனுக்கு இவ்வளவு பயம் வந்ததற்குக் காரணம் உண்டு. பன்னிரண்டாம் வகுப்பு முடித்த கோடையில் முதல் பட்டதாரிச் சான்றிதழுக்கு அலைந்தான். வீட்டில் இதுவரை யாருமே பட்டம் வாங்கவில்லை என்று அரசாங்கம் எழுதித் தரும் தாள். பள்ளிக்கூட வாசலை மிதிக்காதவர்களுக்கெல்லாம், மிதிக்கவில்லை என்று அத்தாட்சி கொண்டுவரச் சொன்னார்கள். கிராம நிர்வாக அலுவலர் கண்ணாடிக்கு மேலே பார்த்து, "நிச்சயமா? அண்ணன், அக்கா, பெரியப்பா பிள்ளை, ஒருத்தருமா படிக்கல?" என்று கேட்டார். அப்பா உப்பளத்தில் இருந்து அப்படியே வந்திருந்தார், கெண்டைக்காலில் உப்பு பூத்திருந்தது. ஏதோ திருட்டை ஒப்புக்கொள்பவர் போலத் தலையை ஆட்டினார். "பொய்யின்னா நாளைக்குப் பையன் பேருதான் கெடும், பாத்துக்கிடுங்க," என்றார் அலுவலர். அந்த வாக்கியம் போகவே இல்லை. கல்லூரி விண்ணப்பம், மருத்துவச் சான்று, கப்பல் வேலைக்கான ஒவ்வொரு படிவம், எதிலும் ஒரு எழுத்து பிசகாமல் நிரப்பினான். அப்பா தொழில் என்ற இடத்தில் கூடப்படித்தவர்கள் சொந்தத்தொழில் என்று போடச் சொன்னபோது உப்பளத் தொழிலாளி என்றே போட்டான். நேற்றுக் காலைதான் முதல்முறை. அதுவும் இருபத்திரண்டு பேருக்கும் சேர்த்து.

இடதுபுற ஜன்னலில் வெள்ளை கொஞ்சம் அடர்ந்தது. அல்லது கண் அடர்ந்தது. அப்பாவுக்கு இப்படித்தான் கண் போயிற்று. நாளெல்லாம் உப்பின் வெள்ளையைப் பார்த்துப் பார்த்து, பாத்திக்கு நடுவில் ஆள் நடப்பது போலத் தெரியும், போய்ப் பார்த்தால் ஒன்றும் இருக்காது என்பார். தூசிக்குள் ஒரு கறுப்புப் புள்ளி தண்ணீரை ஒட்டி நகர்ந்தது. இசக்கியப்பன் பைனாகுலரை எடுத்தான். ரேடாரைப் பார்த்தான். மறுபடி பைனாகுலர். "அண்ணே, இடது பக்கம்." "பாத்துட்டேன் சார், பறவ. மீன் தேடுது." பறவைதான். சிறகை ஒருமுறை அடித்து, மறந்துபோனது போலச் சற்று மிதந்து, மறுபடி அடித்தது. கடிகாரத்தைப் பார்த்தான். கண்ணில் பட்டதிலிருந்து பறவை என்று உறுதியாகும் வரை நூற்று நாற்பது விநாடி. அதுவல்ல அவனைக் கலக்கியது. பிரிட்ஜ் உயரத்துக்கும் ஐந்து மீட்டரில் வரும் பொருளுக்கும் கணக்குப் போட்டு வைத்திருந்தான், முதல்நாளே, ஒரு துண்டுத்தாளில். தெளிந்த நாளிலேயே முப்பது கிலோமீட்டருக்கு அப்பால் எதுவும் தெரியாது. முப்பது கிலோமீட்டரை அது நூற்றுப்பத்து விநாடியில் கடந்துவிடும். அவன் சரிபார்த்து முடிக்க நூற்று நாற்பது. கடைசி முப்பது விநாடியில் சரிபார்ப்பதற்கு அவன் இருக்கமாட்டான். அபாயமணியின் சிவப்புப் பொத்தான் கைக்கு எட்டும் தூரத்தில்தான் இருந்தது. ஏன் அழுத்தவில்லை? பறவையாக இருந்துவிட்டால், கீழே இருக்கும் இருபது பேரும் வேலையிலிருந்தும் தூக்கத்திலிருந்தும் எழுந்து வலது பக்கப் படிக்கட்டுக்கு ஓடி, பிறகு திரும்பி வந்து அவனைப் பார்ப்பார்கள். அந்தப் பார்வை. சாவதைவிட அது பெரிதாகத் தோன்றுகிறதா உனக்கு என்று கேட்டுக்கொண்டான். பறவை வெள்ளைக்குள் கரைந்தது.

இரண்டு நாற்பதுக்கு ரேடியோ கரகரத்தது. எல்லாக் கப்பலும் எப்போதும் திறந்து வைத்திருக்கும் பதினாறாம் அலைவரிசை. "ஆல்டர் ஸ்டார், ஆல்டர் ஸ்டார்," என்றது ஒரு குரல். இளம் குரல். பிறகு அது ஒரு நீளமான வாக்கியம் சொன்னது, ஏறி இறங்கி, முடிவில் கேள்வி போல உயர்ந்து நின்றது. ஒரு சொல்கூடப் புரியவில்லை. புரியவில்லை என்பதே புரிவதற்கு ஒரு கணம் ஆயிற்று. சீனம்.

லோபோ பைனாகுலரை இறக்கினான். "சார், நம்மளத்தான் கூப்பிடுதான்."

திரையில் தேடினான். பின்னால் இரண்டு மைலில், கொஞ்சம் வேகமாக, யூ லின் என்று ஒரு கப்பல். அதிலும் அதே பதினாறு எழுத்து. ஆனால் அதில் அது நிஜம். பதினாறு எழுத்தை நம்பிக்கொண்டு ஒருவன் பேச்சுத் துணைக்குக் கூப்பிடுகிறான். இது யாருக்கும் தோன்றவே இல்லை. கேப்டனுக்கும் தோன்றவில்லை, பதினோரு பக்கத்திலும் இல்லை. சீனர் என்று எழுதினால் சீனன் ஒருவன் வந்து என்ன சௌக்கியமா என்று கேட்பான் என்பது. "ஆல்டர் ஸ்டார், ஆல்டர் ஸ்டார்." மறுபடி அந்த ஏற்ற இறக்கம், இந்த முறை நடுவில் ஒரு சிறு சிரிப்பு.

"ஏதாச்சும் சொல்லுங்க சார். நீ ஹாவ்னு சொல்லுங்க, அது எல்லாருக்கும் தெரிஞ்சதுதான."

"சொல்லிட்டு? அவன் அடுத்து ஒண்ணு கேப்பான்ல."

"அப்பம் இங்கிலீஷ்ல சொல்லிருங்க, ஆளு மாறிப்போச்சுன்னு."

"அண்ணே, பதினாறுல எல்லாரும் கேப்பாங்க. அவன் மட்டுமில்ல."

லோபோ பைனாகுலரை மறுபடி தூக்கினான். இசக்கியப்பனின் கண் தானாக இடது பக்கம் போயிற்று. அந்த வெள்ளைக்குப் பின்னால் எங்கோ கரை, கரைக்கு மேல் மலை, மலைமேல் ஒரு ஆன்டெனா, அதன் கீழே நகம் வெட்டிய கை. பேசாமலிருந்தால், சீனன் கூப்பிட்டும் வாய் திறக்காத சீனர்கள் என்று அவன் குறித்துக்கொள்வான். பேசினால் தூத்துக்குடி இங்கிலீஷ். எது குறைந்த தப்பு? டெலிபோன் பக்கத்தில் இருந்தது. ஒரு பொத்தான், கேப்டன் எழுந்துவிடுவார். எதுவானாலும் கூப்பிடு. சந்தேகம் வந்தாலும் கூப்பிடு. நாற்பது மணிநேரத்தில் இரண்டரை மணிநேரம் தூங்கியிருக்கிறார், இன்றிரவு வாசல். யோசிக்கத் தெரியாதா உனக்கு என்று கேட்டால்? கை டெலிபோனுக்குப் போகாமல் ரேடியோவின் பேச்சுக்குழலை எடுத்தது. அதன் கறுப்பு பிளாஸ்டிக் அவன் வியர்வையில் வழுக்கியது. மூன்றாவது முறை குரல் வந்தபோது அதில் சிரிப்பு இல்லை. பெயரை மட்டும் சொன்னது, மெதுவாக, இருட்டில் பக்கத்துப் படுக்கையில் இருப்பவன் விழித்திருக்கிறானா என்று கேட்பது போல. இசக்கியப்பன் பேச்சுப் பொத்தானை அழுத்தினான். விட்டான். மறுபடி அழுத்தினான், விட்டான். வாயைத் திறக்கவில்லை. டிக், டிக் என்று இரண்டு வெற்றுச் சத்தம் காற்றில் போயிற்று. கேட்டுக்கொண்டுதான் இருக்கிறேன், பேச முடியாது என்பதற்கு வாக்கிடாக்கியில் மாலுமிகள் செய்வது அது. எந்தப் பாடத்திலும் இல்லை, எல்லாருக்கும் தெரியும்.

ரேடியோ கரகரத்தது. பிறகு குரல் வந்தது, இந்த முறை ஆங்கிலத்தில், தாழ்ந்து, அவசரமில்லாமல். "ஓகே. ஓகே, மை ஃப்ரெண்ட். குட் வாட்ச்."

புரிந்துகொண்டுவிட்டான். லோபோ பெருமூச்சு விட்டுச் சிலுவை போட்டுக்கொண்டான். "நல்ல பிள்ள," என்றான். இசக்கியப்பனும் ஒரு நொடி அப்படித்தான் நினைத்தான். முகம் தெரியாத ஒருவன் தன் பொய்யைப் பார்த்துவிட்டு, பார்த்ததை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு போகிறான். அடுத்த நொடி அந்த ஆங்கிலம் உறைத்தது. ஏன் ஆங்கிலத்துக்கு மாறினான்? சீனன் சீனனிடம் ஏன் ஆங்கிலத்தில் பேச வேண்டும்? அவனுக்குப் புரிந்தது என்றால், கேட்ட எல்லாருக்கும் புரிந்திருக்கும். நல்லெண்ணத்தால் காட்டிக் கொடுத்துவிட்டான். கடிகாரம் இரண்டு நாற்பத்தேழு. கொட்டகையில் கை திரையைத் தொடுகிறது. யாரையோ கூப்பிடுகிறது. லாரியின் குழாய் நிமிர்கிறது. அதற்கு எவ்வளவு நேரம்? தெரியாது. கிளம்பி மலையைத் தாண்டிக் கடலுக்கு இறங்க ஐந்து நிமிஷமோ ஆறோ. அதுவரை கண்ணை மூடிக்கொண்டு, தூக்கத்தில் நடந்து. பிறகு நூற்றுப்பத்து. எங்கிருந்து எண்ணத் தொடங்குவது என்று தெரியாததால் இப்போதே தொடங்கினான். ஒன்று, இரண்டு. இடது ஜன்னலுக்கு வெளியே வெள்ளை. பதினேழு. பாத்திகளில் உப்பு விளைந்து கிடக்கிறது, அப்பா வெள்ளைக்கு நடுவே நின்று எதையோ கையால் மறைத்துப் பார்க்கிறார். முப்பத்தொன்று. இருபது பேர் கீழே இருக்கிறார்கள். எலக்ட்ரீஷியன் ஓலெக்ஸி பகலிலும் ஷூவைக் கழற்றாமல் தூங்குகிறார், அவர் ஊரில் ஏற்கெனவே இதெல்லாம் வானத்திலிருந்து வந்துகொண்டிருக்கிறது. ஐம்பது. சமையல்கட்டில் பிலிப்பைன்ஸ்காரன் பூண்டு வதக்குகிற வாசம் குழாய் வழியாக ஏறி வந்தது. அந்த வாசம் எவ்வளவு தெளிவாக இருந்தது. அறுபத்தெட்டு. பொன்செல்வி போனைத் தள்ளித் தள்ளிப் பார்க்கிறாள், சீனர்கள் சீனர்களாகவே இருக்கிறார்கள். கப்பல் போய்விட்டால் அந்த முக்கோணம் கொஞ்சநேரம் அங்கேயே நிற்கும், கடைசியாகச் சொன்ன சொல்லோடு. அதுதான் கடைசிச் சொல்லாக இருக்கும். எல்லோரும் சீனர்கள். எங்கட்டி. எண்பத்து நாலு. செத்தவர் பட்டியலில் பெயர் வரும், அதைக் கம்பெனிக்காரர்கள் எழுதுவார்கள், இனிஷியலைத் தப்பாகப் போடுவார்கள். தொண்ணூற்றாறு. கை சிவப்புப் பொத்தானுக்கு மேலே நின்றது, தொடாமல், ஒரு விரல் இடைவெளியில். அழுத்துவதற்கு என்ன காரணம் சொல்வது. பயமாக இருந்தது என்றா. நூற்று எட்டு. நூற்று ஒன்பது. நூற்றுப்பத்து. வெள்ளை வெள்ளையாகவே இருந்தது. எஞ்சின் காலடியில் அதிர்ந்தது. மறுபடி ஒன்றிலிருந்து தொடங்கினான். எத்தனை நூற்றுப்பத்து எண்ணினான் என்று பிறகு நினைவில்லை. ஒரு சமயம் எண்கள் போய் வெறும் மூச்சு மட்டும் இருந்தது. யூ லின் வலப்பக்கமாக விலகி, தெரிந்தும் தெரியாமலும் ஒரு நிழலாகக் கடந்து, முன்னால் பாலுக்குள் இறங்கிப் போயிற்று.

மூன்றே முக்காலுக்கு அவன் பதிவேட்டைத் திறந்தான். நடந்ததை நடந்த நேரத்தோடு மையில் எழுத வேண்டிய நோட்டு. எழுதியதை அழிக்கக்கூடாது, தப்பானால் ஒரு கோடு போட்டுப் பக்கத்தில் கையெழுத்து. பேனாவை வைத்துக்கொண்டு வெகுநேரம் இருந்தான். எழுதாவிட்டால் ஒன்றும் ஆகாது. லோபோ சொல்லமாட்டான். யூ லின் போய்விட்டது. எழுதினான். 14.40, பதினாறாம் அலைவரிசையில் யூ லின் கப்பல் சீன மொழியில் நம்மை அழைத்தது, மூன்று முறை. 14.47, பேச்சுப் பொத்தானை இரண்டு முறை அழுத்திப் பதில் கொடுத்தேன். பேசவில்லை. நம் பணியாளர் யாரும் சீனர் இல்லை என்பது இதனால் வெளிப்பட்டிருக்கலாம். கேப்டனை எழுப்பவில்லை. எழுப்பியிருக்க வேண்டும். மூன்று முறை படித்தான். எல்லாம் சரியாக இருந்தது.

நாலு மணிக்குக் கேப்டன் குல்கர்னி முகம் கழுவிய ஈரத்தோடு ஏறி வந்தார். இசக்கியப்பன் பதிவேட்டை அவர் பக்கம் நகர்த்தினான். அவர் நின்றபடியே படித்தார். ஒரு இடத்தில் நிறுத்தி, அதையே மறுபடி படித்தார்.

"என்னை ஏன் எழுப்பல?"

"சின்ன விஷயத்துக்கு எழுப்பிட்டேன்னு நினைப்பீங்கன்னு பயந்தேன் சார்."

"சின்ன விஷயமா இது?"

"இல்ல சார்."

அவர் ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். லோபோ காரணமே இல்லாமல் கண்ணாடியைத் துணியால் துடைத்தான். "இன்னைக்கு ராத்திரி ஏதாவது ஆச்சுன்னா," என்றார் கேப்டன், குரலை உயர்த்தாமல், "விசாரிக்கிறவங்க முதல்ல இந்தப் பக்கத்தைத்தான் திறப்பாங்க. யார் காரணம்னு கேட்டா, இதுல ஒரே ஒரு பேருதான் இருக்கும். புரியுதா உனக்கு? ஏன் எழுதின?"

"நடந்தது சார்."

கேப்டன் பதிவேட்டை அவன் பக்கம் திருப்பினார். கோபமா, களைப்பா, தெரியவில்லை. "கையெழுத்துப் போடு," என்றார். "ராத்திரி பத்து மணிக்கே மேல வா. வாசலைத் தாண்டும்போது நீ என் பக்கத்துல நிக்கற. சந்தேகம் வந்தா வாயைத் திறந்து சொல்ற. பறவையா இருந்தாலும் சொல்ற." பேனாவை எடுத்து நீட்டிவிட்டு, ரேடார் பக்கம் திரும்பிக்கொண்டார்.

மூலையில் பெட்டி தன் பச்சை வெளிச்சத்தில் எல்லோரும் சீனர்கள், எல்லோரும் சீனர்கள் என்று சில நொடிக்கு ஒருமுறை சொல்லிக்கொண்டிருந்தது. நாளை மறுநாள் வரை, எல்லாம் நல்லபடியாகத் தாண்டினால், அது அப்படித்தான் சொல்லும். இசக்கியப்பன் குனிந்தான். அவசரத்தில் கிறுக்குகிற சுருக்கக் கையெழுத்து வேண்டாம் என்று தோன்றியது. அப்பாவின் பெயரை முழுதாக எழுதி, பக்கத்தில் தன் பெயரை முழுதாக எழுதினான்: சுடலைமுத்து இசக்கியப்பன். எழுத்துகளை எண்ணவில்லை. மை காயும்வரை நோட்டை மூடாமல் வைத்திருந்தான். இணையம் வந்ததும் அம்மாவுக்குச் சொல்லிவிடலாம். உன் பிள்ளை, மத்தியானம் இரண்டு நாற்பத்தேழுக்கு, இங்கேதான் இருந்தான்.